ரைபிளுக்கு ஓர் ஆள், எல்.எம்.ஜி.க்கு இரண்டு

சென்ற வருடம் தசரா கூட்டமெல்லாம் கலைந்து, மைசூர் மறுபடியும் மைசூராக ஆன சமயம். ஊருக்குள் ஒரு கல்லூரி மைதானத்தில் ராணுவத்தார் ஆயுதக் கண்காட்சி வைத்திருந்தார்கள். பொதுமக்கள் வரலாம், துப்பாக்கிகளைத் தொட்டுப் பார்க்கலாம், போட்டோ எடுத்துக்கொள்ளலாம். மண்டி மொஹல்லாவில் நான் டீ குடிக்கும் கடையில் யாரோ சொன்னார்கள். கிளம்பிவிட்டேன்.

நான் இருபத்து நான்கு வருடம் காலாட்படையில் இருந்து ஹவில்தாராக ஓய்வு பெற்றவன். சொந்த ஊர் ஹனூர் பக்கம். மகளின் படிப்புக்காக மைசூரில் வீடு எடுத்தோம், அப்படியே தங்கிவிட்டோம். மகள் படித்து, கல்யாணமாகி, இப்போது வெளிநாட்டில் கைக்குழந்தையோடு இருக்கிறாள். மனைவி காலமாகி இரண்டு வருடம் ஆகிறது. மாடி வீட்டில் நான் மட்டும். தனியாக இருப்பவன் எப்படி இருப்பான் என்று கேட்டால் ஒன்று சொல்கிறேன். லோன் வேண்டுமா என்று போனில் கேட்கும் பெண்கள் இருக்கிறார்களே, அவர்கள் பேசி முடிக்கும்வரை நான் குறுக்கே பேச மாட்டேன். வட்டி எவ்வளவு, தவணை எத்தனை என்று நானும் நாலு கேள்வி கேட்டுவிட்டுத்தான் வேண்டாம் என்பேன். பாவம், அந்தப் பெண்களுக்கு நேர விரயம். எனக்கு அன்றைய பேச்சு அதுதான்.

மைதானத்தில் நல்ல கூட்டம். நீள மேசைகளில் பச்சைத் துணி விரித்து ஆயுதங்களை அடுக்கியிருந்தார்கள். ஒரு மேசையில் ரைபிளும் எல்.எம்.ஜி.யும் பக்கம் பக்கமாக இருந்தன. லைட் மெஷின் கன் என்பதைத்தான் எல்.எம்.ஜி. என்போம். ரைபிளைச் சீந்துவார் இல்லை. எல்லாரும் எல்.எம்.ஜி.யோடுதான் போட்டோ எடுத்துக்கொள்ள முண்டினார்கள். பெரிய துப்பாக்கி வைத்திருப்பவன் பெரிய வீரன் என்று ஜனங்களுக்கு ஒரு நினைப்பு. எனக்குக் கொஞ்சம் எரிச்சலாகவே இருந்தது. நான் ரைபிள்காரன். இருந்த காலம் முழுக்க ரைபிள்தான். எங்கள் கம்பெனியில் குறி பார்த்துச் சுடுவதில் என்னை அடித்துக்கொள்ள ஆளில்லை என்று பெயர் வாங்கியவன். தற்பெருமை இல்லை, அப்படித்தான் சொன்னார்கள்.

மேசைக்குப் பின்னால் நின்ற இளம் சிப்பாயிடம் நானும் பழைய ஃபவுஜி, பட்டாளத்துக்காரன் என்றேன். உடனே விறைத்து வணக்கம் வைத்து, ரைபிளை எடுத்து இரண்டு கைகளாலும் என்னிடம் கொடுத்தான். தோளில் வைத்ததும் உடம்பு தானாகவே தன் இடத்துக்குப் போய்விட்டது. இடது கண் தானாக மூடிக்கொண்டது. வலது கண்ணால் குறி பார்த்தேன்.

ஒன்றும் தெரியவில்லை. முன் சைட், அதாவது குழல் நுனியில் குறி பார்க்கும் முள், இருக்க வேண்டிய இடத்தில் கஞ்சித்தண்ணி மாதிரி ஒரு வெள்ளை. எதிரே கம்பத்தில் கட்டியிருந்த கொடிகூடக் கலங்கிய ஒரு நிறமாகத்தான் தெரிந்தது. கண்ணைக் கசக்கிவிட்டு மறுபடியும் பார்த்தேன். அதே வெள்ளை. சிப்பாயிடம் இந்தியில், முன் சைட் வளைந்திருக்கிறது, கவனிப்பதில்லையா என்று கொஞ்சம் அதட்டலாகவே கேட்டேன். அவன் பதறி வாங்கிப் பார்த்தான். இப்படியும் அப்படியும் பார்த்தான். பிறகு மெதுவான குரலில், சரியாகத்தான் இருக்கிறது சாப் என்றான்.

அப்போதுதான் எனக்குப் புரிந்தது. இரண்டு கண்ணும் திறந்திருக்கும்வரை இடது கண் வலது கண்ணின் குறையைச் சேர்த்துச் சுமந்துகொண்டிருந்திருக்கிறது. இடதை மூடிப் பார்க்க வேண்டிய வேலை எனக்கு வருடக்கணக்கில் வரவேயில்லை. சைக்கிள் ஓட்டுகிறேன், டிவி பார்க்கிறேன், அரிசியில் கல் பொறுக்குகிறேன், எல்லாம் ஒற்றைக் கண்ணால். வீட்டில் இன்னொரு ஆள் இருந்திருந்தால், உங்கள் கண்ணில் என்ன வெள்ளையாக என்று ஒரு நாளாவது கேட்டிருப்பாள். கண்ணு போச்சா என்று தமிழில் வாய்விட்டே சொல்லிவிட்டேன் போலிருக்கிறது.

பின்னாலிருந்து ஒரு பெண் குரல், “ஏனுங்கய்யா, நீங்க தமிழுங்களா?” என்று கேட்டது.

முப்பது வயது இருக்கும். கொள்ளேகாலைச் சேர்ந்த பெண். மைசூரில் ஒரு பட்டுச் சேலைக் கடையில் வேலை பார்ப்பதாகவும், பெண்கள் விடுதியில் தங்கியிருப்பதாகவும் சொன்னாள். புருஷன் ராணுவத்தில், வடக்கே எல்லையில். இடம் எதுவென்று அவளுக்கும் தெரியாது. வாரத்தில் ஒரு தடவை, சமயத்தில் அதுவும் இல்லாமல், அவன் போன் பண்ணுவான். பேச ஆரம்பிப்பதற்குள் லைன் போய்விடும். தான் எல்.எம்.ஜி. வைத்திருப்பதாக ஒரு தடவை சொல்லியிருக்கிறான். அந்த மூன்று எழுத்தை வைத்துக்கொண்டு அவள் என்னென்னவோ கற்பனை செய்திருக்கிறாள். அது எப்படித்தான் இருக்கும் என்று பார்க்கத்தான் கடையில் பர்மிஷன் போட்டுவிட்டு வந்திருந்தாள். சிப்பாய்க்குத் தமிழ் தெரியாது. அவளுக்கு இந்தி தெரியாது. கூட்டத்தில் கன்னடத்தில் கேட்கக் கூச்சம்.

“ரெண்டும் பாத்தா ஒரே மாதிரித்தானுங்க இருக்குது. அவருக்கு மட்டும் எதுக்குங்க பெருசா குடுத்திருக்காங்க?” என்றாள்.

சொந்தக் கவலையை ஓரமாக வைத்துவிட்டு விளக்க ஆரம்பித்தேன். உண்மையைச் சொன்னால், யாராவது என்னிடம் ஒன்றைக் கேட்டு எத்தனையோ நாள் ஆகியிருந்தது.

அவள் சொன்னது சரிதான், மேசையில் இருந்த இரண்டும் அண்ணன் தம்பி மாதிரிதான். இரண்டுக்கும் ஒரே தோட்டா. ஆனால் எல்.எம்.ஜி.யின் குழல் கனம். விடாமல் சுட்டால் சூடேறும், அதைத் தாங்க வேண்டும். முன்னால் இரண்டு கால் இருக்கும், தரையில் ஊன்றிப் படுத்துக்கொண்டு சுட வேண்டும். ரைபிள் அப்படியில்லை. எடை குறைவு, ஓடலாம், தாவலாம், ஒவ்வொரு குண்டாகக் குறி பார்த்து அடிக்கலாம். நாங்கள் ரைபிள்காரர்கள் முன்னேறிப் போகும்போது எதிரி தலை தூக்கக் கூடாது. தூக்க விடாமல் சுட்டுக்கொண்டே இருப்பதுதான் எல்.எம்.ஜி.யின் வேலை. அது நின்றால் நாங்களும் நிற்க வேண்டியதுதான். பெரிய துப்பாக்கி, சின்னத் துப்பாக்கி என்று ஒன்றும் இல்லை, வேலை வேறு என்றேன். போட்டோவுக்கு முண்டியவர்களுக்கும் கேட்கட்டும் என்று கொஞ்சம் சத்தமாகவே சொன்னேன்.

அவள் எல்லாவற்றுக்கும் தலையாட்டினாள். ஆனால் அவள் கேட்க வந்தது இது இல்லை என்று தெரிந்தது. துப்பாக்கியின் குழலை ஒரு விரலால் தொட்டுப் பார்த்துவிட்டு, “இத வெச்சுக்கிட்டு அவரு தனியாவா படுத்திருப்பாருங்க?” என்றாள்.

“இல்ல அம்மிணி. இதுக்கு எப்பவும் ரெண்டு பேரு” என்றேன்.

அதுதான் இரண்டுக்கும் உள்ள பெரிய வித்தியாசம். ரைபிளைச் சுடுவதும், தோட்டா நிரப்புவதும், துடைப்பதும் ஒருத்தனே. ரைபிள்காரனுக்கும் ஜோடி உண்டு என்பார்கள், உண்டுதான். ஆனால் அவன் துப்பாக்கிக்கு இன்னொரு கை தேவையில்லை. சென்ட்ரியாகக் காவல் நிற்கும்போது அவனும் குளிரும் மட்டும்தான் என்றும் ஆகும். எல்.எம்.ஜி. விஷயம் வேறு. சுடுகிறவன் நம்பர் ஒன். அவனை ஒட்டிப் படுத்துக்கொண்டு நம்பர் டூ. தோட்டா போடும் மேகசின்களை அவன்தான் சுமப்பான், காலியானதும் அடுத்ததைக் கொடுப்பான். நம்பர் ஒன் குறியை விட்டுக் கண்ணை எடுக்க முடியாது. அதனால் இந்தப் பக்கம் அந்தப் பக்கம் பார்த்துச் சொல்வதும் அவன்தான். இரண்டு பேரும் ஒன்றாகச் சாப்பிட்டு, ஒன்றாகத் தூங்கி, ஒருத்தன் இருமினால் மற்றவனுக்குத் தெரியும் அளவுக்குப் பழகிவிடுவார்கள்.

அவள் முகத்தைப் பார்க்க வேண்டுமே. ஒற்றைக் கண்ணாலும் எனக்கு நன்றாகத் தெரிந்தது. எத்தனையோ மாதமாகப் பிடித்து வைத்திருந்த மூச்சை அப்போதுதான் விட்டாள். “அப்பச் சேரிங்க” என்றாள், அவ்வளவுதான். அடுத்த போனில் புருஷனிடம் சொல்ல வேண்டும் என்று என் நம்பரை வாங்கிக்கொண்டாள். போகும்போது, “கண்ண மொதல்ல காட்டுங்கய்யா” என்றாள்.

காட்டினேன். கண்புரை நன்றாக முற்றிவிட்டது, ஆபரேஷன் செய்தால் பார்வை வந்துவிடும், தள்ளிப் போட்டால் நல்லதில்லை என்றார் டாக்டர். சின்ன ஆபரேஷன், அன்றைக்கே வீட்டுக்குப் போய்விடலாம். சரி என்று குறித்த நாளில் காலையில் பல் விளக்கி, குளித்து, ஒரு பையில் துண்டும் தண்ணீர் பாட்டிலும் எடுத்துக்கொண்டு பஸ் பிடித்துப் போய் நின்றேன். நர்ஸ் கன்னடத்தில், “ஜொதெகெ யாரு பந்திதாரே?” என்று கேட்டார். கூட யார் வந்திருக்கிறார்கள் என்று அர்த்தம். யாரும் இல்லை, நான்தான் என்றேன். அவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. ஆள் இல்லாமல் செய்ய மாட்டோம், வெளியே போகும்போது கண்ணில் கட்டு இருக்கும், கூட ஒருத்தர் கட்டாயம் வேண்டும் என்றார். தம்பி மகன் வண்டியை நிறுத்தப் போயிருக்கிறான் என்று ஒரு பொய் சொன்னேன். வரட்டும் என்று உட்கார வைத்தார். எனக்கு அப்படித் தம்பி மகன் யாரும் கிடையாது. என்னோடு உட்கார்ந்திருந்த ஒவ்வொருவர் பேரையும் கூப்பிட்டார்கள், ஒவ்வொருவருக்கும் பையைப் பிடிக்க ஓர் ஆள் எழுந்தது. மதியம்வரை பார்த்துவிட்டு, சொல்லாமல் கொள்ளாமல் எழுந்து வந்துவிட்டேன்.

வீட்டுக்கு வந்து போனில் உள்ள பெயர்களை மேலிருந்து கீழ்வரை பார்த்தேன். கேஸ், பால், எலக்ட்ரீசியன், பென்ஷன் ஆபீஸ். கூட வேலை பார்த்தவர்கள் திசைக்கு ஒருவர். அதில் சிலர் இப்போது இல்லை, பெயரை அழிக்க மனம் வரவில்லை. கீழ் வீட்டுக்காரர்கள் சாமராஜநகரில் கல்யாணம் என்று குடும்பத்தோடு போய்விட்டார்கள். டீக்கடைக்காரர் நல்ல மனுஷர்தான், ஆனால் அவர் வந்தால் கடையைப் பூட்ட வேண்டும். மகளிடம் சொன்னால் அங்கே அழுவாள், இங்கே வர முடியாது. யோசிக்க யோசிக்க எனக்கு என்மேலேயே கோபம் வந்தது. ஒரு கண் இருக்கிறதே, அது போதும் என்று முடிவு கட்டினேன். இருட்டில் ரைபிளோடு தனியாக நின்றவன், இதற்கு என்ன ஆள் என்று வீறாப்பு வேறு. அன்று மாலை விளக்கைக்கூடப் போடாமல் வெகுநேரம் உட்கார்ந்திருந்தேன். பயமாக இருந்தது. மறைப்பானேன், கண் போவதைவிட, கேட்பதற்கு ஆளில்லை என்று தெரிந்துபோனதுதான் அதிகம் பயமாக இருந்தது.

சில நாள் கழித்து அந்தப் பெண் போன் செய்தாள். வீட்டுக்காரர் போன் பண்ணினாராம், என்னைப் பற்றிச் சொன்னாளாம், மைசூரில் ஒரு ஃபவுஜியைப் பிடித்துவிட்டாயா என்று அவன் சிரித்தானாம். எல்லாம் சொல்லிவிட்டுக் கண் என்ன ஆயிற்று என்றாள். கூட ஆள் வேண்டுமாம், ஆளுக்கு எங்கே போக என்று விளையாட்டாகச் சொல்லிப் பேச்சை மாற்றப் பார்த்தேன்.

“என்னைக்குப் போகோணுமுங்க?” என்றாள்.

நான் தயங்கினேன். சொந்தமா, பந்தமா, துப்பாக்கிக் கூட்டத்தில் அரை மணி நேரம் பேசிய பழக்கம். ஊர் என்ன சொல்லும், அவள் புருஷன் என்ன நினைப்பான் என்று ஏதேதோ சொன்னேன். அவரிடமே கேட்டுச் சொல்கிறேன் என்று வைத்துவிட்டாள். அவளாக அவனைக் கூப்பிட முடியாது, அவன் கூப்பிட்டால்தான் உண்டு. அப்படி வந்த அடுத்த போனில், அவர்களுக்குக் கிடைத்த அந்தச் சொற்ப நேரத்தில், என் கண்ணைப் பற்றிப் பேசியிருக்கிறாள். “போயிட்டு வான்னுட்டாருங்க. ஃபவுஜிக்காரர தனியா உடக்கூடாதுன்னாரு” என்றாள்.

கடைக்கு லீவு போட்டுவிட்டு வந்தாள். அதே நர்ஸ், அதே கேள்வி. நான் வாயைத் திறப்பதற்குள் அவளே கன்னடத்தில், “நானு அவர மகளு” என்றாள். மகள் என்று சொல்லிவிட்டாள். தம்பி மகன் வண்டியை நிறுத்திவிட்டு இன்னும் வரவில்லையா என்று கேட்கிற மாதிரி நர்ஸ் என்னை ஒரு பார்வை பார்த்தார். என் பை, செருப்பு, வாட்ச் எல்லாவற்றையும் அந்தப் பெண் வாங்கி மடியில் வைத்துக்கொண்டாள். உள்ளே போகும்போது திரும்பிப் பார்த்தேன். எனக்காக ஒருத்தர் ஒரு பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். மனைவி போனபிறகு அதுதான் முதல் தடவை.

ஆபரேஷன் பெரிதாக ஒன்றும் தெரியவில்லை. கட்டுப் போட்டு ஒரு கட்டிலில் படுக்க வைத்தார்கள். கண்ணில் தண்ணீர் படக் கூடாது, குனியக் கூடாது, இருமக் கூடாது என்று நர்ஸ் பட்டியல் போட்டுவிட்டுப் போனார். அப்போது அவளுடைய போன் அடித்தது. அவன்தான். எல்லாம் நல்லபடி முடிந்தது என்று சொன்னாள், பிறகு போனை என் கையில் கொடுத்தாள். “உங்ககிட்டப் பேசோணுமாமுங்க. நான் கீழ போயி மருந்து வாங்கிட்டு வந்தர்றேன்” என்று படியிறங்கினாள்.

ஜெய்ஹிந்த் சார் என்றது ஓர் இளம் குரல். காற்று இரைச்சலுக்கு நடுவே வந்தது. நன்றி சொல்ல ஆரம்பித்தேன், அவன் விடவில்லை.

“அவ பக்கத்துல இருக்காளுங்களா சார்?”

இல்லை, கீழே போயிருக்கிறாள் என்றேன்.

“எல்.எம்.ஜி. இப்ப எங்கிட்ட இல்லீங்க சார். வேற ஆளுக்குக் குடுத்துட்டாங்க. எனக்கு இப்ப ரைபிள்தான். போஸ்ட் மாறிப் போச்சு, சென்ட்ரி நிக்கறேன். எங்கூட இருந்த நம்பர் டூவும் வேற பக்கம் போயிட்டான்.”

எவ்வளவு நாளாக என்று கேட்டேன்.

“நீங்க அவளப் பாக்கறதுக்கு முன்னாலயே சார். ஆனா நீங்க சொன்னதுக்கு அப்புறந்தான் அவ நிம்மதியாத் தூங்கறாளாமுங்க. கூட ஆள் இருக்குதுன்னு. அவகிட்டச் சொல்லாதீங்க சார். யாருகிட்டயாவது சொல்லோணும்னு இருந்துச்சு, அதான்.”

அங்கே குளிர் எப்படி என்று நான் கேட்டதும், இருக்குங்க என்று அவன் சொன்னதும் காதில் விழுந்தது. லைன் போய்விட்டது.

போனைக் கையில் வைத்துக்கொண்டே படுத்திருந்தேன். அவன் நிற்கும் இடம் எனக்குத் தெரியும். இடத்தின் பெயர் தெரியாது, ஆனால் தெரியும். தோளில் ரைபிள், முன்னால் வெறும் வெளி, வாயிலிருந்து வரும் ஆவி மட்டும் துணை. அங்கே நிற்கிறவன், கிடைத்த போன் நேரத்தையும் எனக்குக் கொடுத்து, தனக்கென்று இருந்த ஒரே ஆளையும் என் கட்டிலுக்குப் பக்கத்தில் அனுப்பிவைத்திருக்கிறான். நான் யார் அவனுக்கு? முகம்கூடப் பார்த்ததில்லை. கண்ணில் தண்ணீர் படக் கூடாது என்று நர்ஸ் சொன்னதை என்னால் காப்பாற்ற முடியவில்லை.

அவள் மருந்தோடு வந்தாள். கட்டிலருகே ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, “என்னங்க சொன்னாரு?” என்றாள்.

“நம்பர் டூ நல்ல பையனாம். ரொம்பப் பேசறானாம், அதான் தொந்தரவாம்” என்றேன்.

அவள் சிரித்தாள். அந்தச் சிரிப்பைப் பாதுகாக்க இனி நாங்கள் இரண்டு பேர் என்று நினைத்துக்கொண்டேன்.

பார்வை நன்றாகவே வந்துவிட்டது. அந்தப் பையனின் ரைபிள் இன்னும் மாறவில்லை என்றுதான் நினைக்கிறேன், அவன் அதன்பிறகு அதைப் பற்றி என்னிடமும் பேசவில்லை. வாரம் தவறாமல் அந்தப் பெண் என்னைக் கூப்பிடுகிறாள். பேசி முடிக்கும்போது சில சமயம், “அவரு பக்கத்துல ஆள் இருக்காங்கல்லங்கய்யா?” என்று கேட்கிறாள். இருக்கான் அம்மிணி என்றுதான் சொல்கிறேன், அப்படிச் சொல்லும்போது அது முழுப் பொய் என்று இப்போதெல்லாம் எனக்குத் தோன்றுவதில்லை.